நிச்சயம் தெரியாதபோது முடிவெடுப்பது எப்படி: குறுவைக் கணக்கை வைத்து ஒரு முழுமையான வழிகாட்டி

மே மாதக் கடைசியில் தஞ்சாவூர், திருவாரூர், மயிலாடுதுறை, நாகப்பட்டினம் பக்கம் எந்த டீக்கடையில் உட்கார்ந்தாலும் ஒரே பேச்சுதான்: இந்த வருஷம் ஜூன் 12 அன்று காவிரிப் பாசனத்துக்கு மேட்டூர் அணையைத் திறப்பார்களா? கடை சீக்கிரமே இரண்டு கட்சியாகப் பிரிந்துவிடும். "கண்டிப்பா திறப்பாங்க" என்று ஒருவர் சொல்வார். "குடகில் மழையே காணோம், எங்கே திறக்கிறது" என்று இன்னொருவர் சொல்வார். உண்மையில் இருவருக்குமே தெரியாது. ஆனாலும் விதைநெல் வாங்குவதா, டிராக்டருக்குச் சொல்லி வைப்பதா என்பதை இருவரும் அந்த வாரமே முடிவு செய்தாக வேண்டும்.

நிச்சயமில்லாத நேரத்தில் முடிவெடுக்கப் பழகுவதற்கு, ஜூனில் தொடங்கிச் செப்டம்பர், அக்டோபரில் அறுக்கிற குறுகியகால நெல் பருவமான குறுவையைப் போல நல்ல பாடம் கிடைப்பது அரிது. இதில் கெடு தேதி உண்டு, கையிலிருந்து போகும் பணம் உண்டு, பல வருஷத்துப் பதிவுகளும் உண்டு. மழை மட்டும்தான் நம் பேச்சைக் கேட்காது. வயல் இல்லாதவர்கள் வேலை மாறுவது, வீடு வாங்குவது, கடை போடுவது என்று அவரவர் விஷயத்தை மனதில் வைத்துக்கொண்டு படிக்கலாம்.

என் கருத்தை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். தண்ணீர் வருமா வராதா என்று ஊகிப்பதிலேயே நாம் நேரத்தைத் தொலைக்கிறோம். எத்தனை சதவீதம் வாய்ப்பு இருந்தால் எனக்குக் கட்டுப்படியாகும், தவறிப்போனால் என்னால் தாங்க முடியுமா, முழுப் பணத்தையும் இறக்காமல் எத்தனை நாள் தள்ளிப்போட முடியும் என்ற மூன்று கேள்விகளுக்கு அந்த நேரத்தைக் கொடுத்தால் பாதி வேலை முடிந்துவிடும்.

கீழே வரும் வரவு செலவுத் தொகைகள் ஒரு மாதிரிக்குத்தான். உங்கள் ஊர்க் கூலி, உங்கள் மண், உங்கள் விளைச்சலுக்குத் தகுந்தபடி மாற்றிப் போட்டுக்கொள்ளுங்கள். அணை திறந்த தேதிகள் மட்டும் நிஜம்.

முதல் படி: கேள்வியைச் சரியாக எழுதுங்கள்

"குறுவை போடலாமா வேண்டாமா" என்று கேட்டால் பதில் இரண்டே இரண்டுதான் வரும். நிஜத்தில் வழிகள் அதைவிட அதிகம். ஐந்து ஏக்கர் வைத்திருப்பவர் ஐந்திலும் குறுவை நடலாம், இரண்டில் மட்டும் நடலாம். நாற்று மட்டும் விட்டுவிட்டு நடவுக்குப் பொறுத்திருக்கலாம். குறுவையை விட்டுவிட்டு ஆகஸ்டில் சி.ஆர். 1009 மாதிரி நீண்டகால நெல் ரகத்தைச் சம்பாவாக, அதாவது ஜனவரி வாக்கில் அறுக்கிற பருவமாகப் போடலாம். இடைப்பட்ட காலத்தில் பசுந்தாள் உரமாகத் தக்கைப்பூண்டு விதைத்து மடக்கி உழலாம். பக்கத்தில் ஆழ்துளைக் கிணறு (போர்) இருந்தால் ஒரு பகுதிக்கு மட்டும் தண்ணீர் பேசி வைக்கலாம்.

ஒரு தாளில் குறைந்தது நான்கு வழிகளை எழுதுங்கள். மூன்றாவதும் நான்காவதும் எழுதும்போதுதான் மூளை வேலை செய்யத் தொடங்கும். ஒவ்வொன்றுக்கும் பக்கத்தில் கடைசித் தேதியைப் போடுங்கள். குறுவை நாற்று விட இந்தத் தேதி வரை, நடவுக்கு இந்தத் தேதி வரை, சம்பா விதைப்புக்கு இந்தத் தேதி வரை. கெடு தெரியாத முடிவு எப்போதும் அவசரத்தில்தான் எடுக்கப்படும்.

ஒன்றும் செய்யாமல் இருப்பதும் ஒரு முடிவு என்பதை மறக்க வேண்டாம். அதற்கும் ஆபத்து உண்டு. குறுவையை விட்டுச் சம்பாவை நம்பியவர்கள் 2021 ஜனவரியில் அறுவடை நேரத்தில் பெய்த மழையில் கதிரோடு சாய்ந்த பயிரைப் பார்த்தார்கள். சம்பாவை ஆபத்தே இல்லாத பக்கம் என்று கணக்கில் எழுதக்கூடாது.

இரண்டாம் படி: இந்த வருஷத்தை மறந்துவிட்டு, பழைய வருஷங்களை எண்ணுங்கள்

பெரும்பாலானவர்கள் நேராக இந்த வருஷத்துச் செய்திக்குப் போய்விடுவார்கள். முதலில் இதுவரை எப்படி நடந்திருக்கிறது என்று பாருங்கள்.

மேட்டூர் அணை 1934-இல் பயன்பாட்டுக்கு வந்தது. வழக்கமான திறப்பு ஜூன் 12, மூடுவது ஜனவரி 28. அணை வந்ததிலிருந்து கணக்கெடுத்தால் ஏறத்தாழ மூன்றில் இரண்டு பங்கு வருஷங்களில் ஜூன் 12-க்குப் பிறகுதான் திறந்திருக்கிறார்கள். "வழக்கமான தேதி" என்று நாம் சொல்வது வழக்கத்தில் சிறுபான்மைதான்.

அண்மைக் காலத்தைப் பார்ப்போம். 2011-இல் ஜூன் 6. 2012-இல் செப்டம்பர் 17. 2013-இல் ஆகஸ்ட் 2. 2014-இல் ஆகஸ்ட் 15. 2015-இல் ஆகஸ்ட் 9. 2016-இல் செப்டம்பர் 20. 2017-இல் அக்டோபர் 2. 2018-இல் ஜூலை 19. 2019-இல் ஆகஸ்ட் 13. 2020, 2021 இரண்டிலும் ஜூன் 12. 2022-இல் மே 24. 2023-இல் ஜூன் 12. 2024-இல் ஜூலை 28. 2025-இல் மறுபடி ஜூன் 12.

பதினைந்து வருஷங்களில் ஆறு முறை உரிய நாளிலோ அதற்கு முன்போ திறந்திருக்கிறார்கள். அதாவது 40 சதவீதம். ஆனால் அந்த ஆறில் ஒன்றைத் தனியாக எடுத்துப் பார்க்க வேண்டும். 2023-இல் நீர்மட்டம் 103 அடி அளவில் இருந்தது, ஜூன் 12 அன்று சம்பிரதாயமாகத் திறந்தார்கள், டெல்டாவில் 5 லட்சம் ஏக்கருக்கு மேல் குறுவை நட்டார்கள். பிறகு வரத்து குறைந்துகொண்டே போய் அக்டோபர் 10 அன்று அணையை மூட வேண்டியதாயிற்று. காய்ந்த பயிருக்கு அரசு அறிவித்த நிவாரணம் ஹெக்டேருக்கு 13,500 ரூபாய், ஏக்கருக்கு ஏறக்குறைய 5,400. உழவு, நாற்று, நடவுக் கூலியைப் போட்டுப் பார்ப்பவர்களுக்கு அது எந்த மூலைக்கு என்று தெரியும்.

எனவே "உரிய நாளில் திறந்து, அறுவடை வரை தண்ணீர் தாங்கியது" என்று எண்ணினால் பதினைந்தில் ஐந்துதான். மூன்றில் ஒன்று. எதை எண்ணுகிறோம் என்பதை மாற்றினாலே விடை மாறிவிடுகிறது. திறப்பு விழா நடந்ததா என்று எண்ணினால் 40 சதவீதம் வரும். பயிர் வீடு வந்து சேர்ந்ததா என்று எண்ணினால் 33.

அந்தப் பட்டியலில் இன்னொன்றும் கண்ணில் படும். 2012 முதல் 2019 வரை எட்டு வருஷம் தொடர்ந்து தாமதம், அப்புறம் நான்கு வருஷம் தொடர்ந்து சரியாக. 2019-இல் குறுவை என்றாலே சிரித்தார்கள். 2023-இல் யாருக்கும் சந்தேகமே வரவில்லை. கடைசியாக நடந்ததுதான் மனதில் நிற்கும் என்பதால், பட்டியலை நினைவிலிருந்து சொல்லாமல் எழுதி வைத்து எண்ணுவது நல்லது.

வாய்க்காலின் கடைசியில் இருக்கும் கடைமடைக்காரர்களுக்கு ஒரு வார்த்தை. மேட்டூரில் திறந்த தண்ணீர் கல்லணைக்கு வந்து சேரவே மூன்று நான்கு நாள் ஆகும். அங்கிருந்து உங்கள் மதகுக்கு வருவது முறைப்பாசனத்தையும் வாய்க்கால் தூர்வாரியதையும் பொறுத்தது. பேராவூரணியிலோ வேதாரண்யம் பக்கமோ இருப்பவர் மேட்டூர்த் தேதியை வைத்துக் கணக்குப் போட்டால் அது வேறு யாருடைய வயலுக்கோ போட்ட கணக்கு. உங்கள் வாய்க்காலில் எந்த எந்த வருஷம் எப்போது தண்ணீர் ஏறியது என்று பழைய ஆட்களிடம் கேட்டு எழுதுங்கள்.

மூன்றாம் படி: இந்த வருஷச் செய்தியைக் கொண்டு கொஞ்சம் நகர்த்துங்கள்

33 சதவீதத்தில் நின்றுகொண்டு இப்போது இந்த வருஷத்தைப் பாருங்கள். எல்லாச் செய்திக்கும் ஒரே எடை கொடுக்கக் கூடாது. ஒவ்வொரு செய்தியையும் பார்த்து, குறுவை நன்றாக வந்த வருஷங்களிலும் கெட்டுப்போன வருஷங்களிலும் இந்தச் செய்தி இதே மாதிரி இருந்திருக்குமா என்று கேளுங்கள். இருந்திருக்கும் என்றால் அதனால் உங்களுக்கு எந்தப் பயனும் இல்லை.

மே மாத நீர்மட்டத்தை எடுத்துக்கொள்வோம். அது பயனுள்ள செய்திதான், ஆனால் நாம் நினைக்கிற அளவுக்கு இல்லை. மேட்டூரின் முழுக் கொள்ளளவு 93.47 டிஎம்சி (ஒரு டிஎம்சி என்றால் நூறு கோடி கன அடி). ஜூன் 12 முதல் ஜனவரி 28 வரை 230 நாள் பாசனத்துக்கு வேண்டியது சுமார் 330 டிஎம்சி. அணை ததும்ப ததும்ப இருந்தாலும் தேவையில் மூன்றில் ஒரு பங்குகூட அதில் இல்லை. மீதி வந்துகொண்டே இருக்க வேண்டும். நீர்மட்டம் திறப்புத் தேதியைச் சொல்லும், அறுவடையைப் பற்றி வாய் திறக்காது. 2023-இல் ஏமாற்றியது இதுதான். 2024-இல் நேர்மாறு: ஜூனில் 50 அடிக்கும் கீழே கிடந்த அணை ஜூலை 30 அன்று 120 அடியைத் தொட்டது.

அதைவிட நல்ல செய்தி காவிரிக்குத் தண்ணீர் தரும் குடகு, வயநாடு மழையும், கர்நாடகத்திலுள்ள கபினி, கிருஷ்ணராஜசாகர் அணைகளின் இருப்பும். கபினி சீக்கிரம் நிரம்பிவிடும். நிரம்பினால் உபரி நமக்குத்தான். உச்ச நீதிமன்றத் தீர்ப்பின்படி, தமிழக எல்லையில் காவிரி நீரை அளக்கும் பிலிகுண்டுலுவில் ஜூனில் 9.19 டிஎம்சியும் ஜூலையில் 31.24 டிஎம்சியும் வர வேண்டும். ஜூன் கடைசியில் அந்த 9.19 வந்ததா என்று பார்த்தாலே காற்று எந்தப் பக்கம் என்று ஓரளவு புலப்படும்.

வானிலைத் துறையின் பருவகால முன்னறிவிப்பை அதன் அளவுக்குத்தான் நம்ப வேண்டும். "தென்மேற்குப் பருவமழை இயல்பாக இருக்கும்" என்றால் நாடு முழுவதுக்குமான நீண்டகாலச் சராசரி 87 சென்டிமீட்டரில் 96 முதல் 104 சதவீதம் வரை பெய்யும் என்று பொருள். ராஜஸ்தானில் கொட்டி, குடகில் காய்ந்தாலும் அது "இயல்பு"தான். டீக்கடையில் அந்தத் தலைப்பை வாசித்துவிட்டு விதைநெல் வாங்கப் புறப்படுகிறவர்கள் உண்டு.

சரி, இந்த வருஷம் இருப்பு சுமார், மேலே அணைகளில் போன வருஷத்தைவிடக் கொஞ்சம் அதிகம் என்று வைத்துக்கொள்வோம். 33-ஐ 40 ஆக்கலாம். 80 ஆக்கக் கூடாது. ஒரு செய்தியைக் கேட்டவுடன் உங்கள் எண் தாவிக் குதித்தால், பழைய பட்டியலை மறந்துவிட்டீர்கள் என்று அர்த்தம்.

வாய்ப்பை எண்ணாகச் சொல்லக் கூச்சப்படுகிறவர்கள் "பார்க்கலாம்", "வரும்போலத் தெரியுது" என்று சொல்வார்கள். ஒருவருக்கு "வரும்போல" என்றால் 90, இன்னொருவருக்கு 50. வீட்டில் நான்கு பேர் பேசி முடிவெடுக்கும்போது எல்லோரும் தனித்தனியாக ஒரு எண்ணை எழுதிக் காட்டச் சொல்லுங்கள். அப்பா 70 என்றும் மகன் 30 என்றும் எழுதினால், ஏன் என்று பேசுவதற்கு அப்போதுதான் விஷயம் கிடைக்கும்.

நான்காம் படி: எத்தனை சதவீதத்தில் கட்டுப்படியாகும்?

இந்தப் படியைத்தான் எல்லோரும் தாண்டிப் போகிறார்கள். ஒரு ஏக்கருக்குப் போடுவோம். விளைச்சல் 22 குவிண்டால். 2025-26 பருவத்தில் தமிழக அரசு ஊக்கத்தொகையையும் சேர்த்துப் பொது ரகத்துக்குக் குவிண்டாலுக்கு 2,500 ரூபாய், சன்ன ரகத்துக்கு 2,545 ரூபாய் அறிவித்தது. 2,500 என்றே வைப்போம். வரவு 55,000. செலவு 33,000. நன்றாக வந்தால் கையில் 22,000. நடுவில் தண்ணீர் நின்றுபோனால் அதுவரை போட்டது போகும், சுமார் 18,000.

தோற்றால் போகும் 18,000-ஐ, அதோடு ஜெயித்தால் வரும் 22,000-ஐயும் சேர்த்த 40,000-ஆல் வகுத்தால் 0.45. வாய்ப்பு 45 சதவீதத்துக்கு மேல் இருந்தால்தான் குறுவை கட்டுப்படியாகும். நம் மதிப்பீடு 40. ஆக, இன்றைக்கே மொத்தமாக இறங்குவது நஷ்டக் கணக்கு.

குறுவையை விடுவதால் வேறு வழியில் ஏக்கருக்கு 3,000 ரூபாய் நிச்சயமாகக் கிடைக்கும் என்றால், கட்டுப்படியாகும் புள்ளி 52.5 சதவீதத்துக்கு ஏறிவிடும். போர் வைத்திருப்பவருக்கு எல்லாமே வேறு: தோற்றாலும் அவருக்கு 18,000 முழுதாகப் போகாது, அதனால் அவர் 25 சதவீத வாய்ப்பிலும் துணிந்து இறங்கலாம். பக்கத்து வயல்காரர் நடுகிறார் என்று நாமும் நடுவதில் உள்ள கோளாறு இங்கேதான் இருக்கிறது. இருவருக்கும் மழை ஒன்றுதான், கணக்கு வேறு.

அதற்காகப் பக்கத்து வயலைப் பார்க்கவே கூடாது என்றும் சொல்ல முடியாது. சுற்றிலும் தரிசாகக் கிடக்க நீங்கள் மட்டும் நட்டால் எலியும் பறவையும் உங்கள் வயலுக்குத்தான் வரும். எல்லோரும் நட்டால் அறுப்பு இயந்திரம் கிடைக்காது, மழை ஈரத்தில் பெல்ட் வண்டிக்கு வாடகை ஏறும், கொள்முதல் நிலையத்தில் நெல் குவிந்து கிடக்கும், ஈரப்பதம் 17 சதவீதத்தைத் தாண்டிவிட்டது என்று சாக்குக் கட்டிக்கொண்டு காத்திருக்க வேண்டும். இவை எல்லாம் 22,000-ஐக் குறைக்கிற விஷயங்கள். எனவே "நன்றாக வந்தது", "கெட்டது" என்ற இரண்டுக்கும் நடுவில் "விளைந்தது, ஆனால் நனைந்தது" என்று ஒன்றையும் எழுதிக்கொள்ளுங்கள். குறுவை அறுவடை செப்டம்பர், அக்டோபரில் வருவதால் இது சின்ன வாய்ப்பே இல்லை.

ஐந்தாம் படி: நாற்றங்காலைத் தேடுங்கள்

நேரடியாக இறங்கினால் நஷ்டம், விட்டுவிட்டால் பூஜ்யம். நம் முன்னோர்கள் பேர் வைக்காமலே செய்துவந்த மூன்றாவது வழி ஒன்று உண்டு: நாற்று மட்டும் விட்டு வைப்பது.

ஒரு ஏக்கர் நடவுக்கு எட்டு சென்ட் நாற்றங்கால் போதும். குறுகியகால ரகத்துக்கு விதை 24 கிலோ. திருந்திய நெல் சாகுபடி முறை என்றால் இரண்டு மூன்று கிலோவில் முடிந்துவிடும். எட்டு சென்டுக்குத் தண்ணீர் கைபம்பிலோ குட்டையிலோகூடச் சமாளிக்கலாம். மொத்தச் செலவு 3,500 ரூபாய் என்று வைப்போம். இதற்கு மாற்றாக உங்களுக்குக் கிடைப்பது மூன்று வாரம். அந்த மூன்று வாரத்தில் ஜூன் மழை தெரிந்துவிடும், கபினி நிலவரம் தெரிந்துவிடும், வாய்க்காலில் தண்ணீர் ஏறியதா என்பதும் தெரிந்துவிடும்.

இப்போது கணக்கைப் பாருங்கள். இதே போன்ற பத்து வருஷங்களைக் கற்பனை செய்துகொள்வோம். நான்கு நல்ல வருஷம், ஆறு கெட்ட வருஷம். நாற்று விடாமல், யோசிக்காமல் பத்திலும் முழுச் செலவையும் இறக்கினால் நான்கில் 88,000 லாபம், ஆறில் 1,08,000 நஷ்டம். மொத்தத்தில் 20,000 போய்விட்டது.

நாற்று விட்டுப் பொறுத்திருந்தால்? நடவு நாளில் பத்தில் ஐந்து வருஷம் அறிகுறி நன்றாகத் தெரிகிறது என்று வைப்போம். நல்ல நான்கு வருஷமும் அதில் அடக்கம், கூடவே 2023 மாதிரி ஏமாற்றும் ஒன்றும். ஐந்தில் நடுகிறீர்கள்: 88,000 லாபம், 18,000 நஷ்டம். மற்ற ஐந்தில் நாற்றோடு நிறுத்திவிடுகிறீர்கள்: ஐந்து முறை 3,500, அதாவது 17,500 போனது. கூட்டிக் கழித்தால் 52,500 ரூபாய் மிச்சம். வாய்ப்பு அதே 40 சதவீதம்தான், மழையும் அதேதான். மாறியது எப்போது பணத்தை இறக்குகிறோம் என்பது மட்டும்.

ஐந்து முறை நாற்றை வீணாக விட்டோமே என்று மனசு கேட்காது. "இவ்வளவு நாற்று தளதளன்னு நிக்குது, விடவா முடியும்" என்று சொல்லி நட்டுவிடுகிறவர்கள்தான் அதிகம். நடுவதற்கான நிபந்தனையை நாற்று விடும் அன்றே எழுதி வைக்க வேண்டிய காரணம் இதுதான். உதாரணமாக: "ஜூலை முதல் வாரத்துக்குள் எங்கள் வாய்க்காலில் தொடர்ந்து ஐந்து நாள் தண்ணீர் ஓடினால், கபினி முக்கால்வாசியாவது நிரம்பியிருந்தால், நடுவோம். இரண்டில் ஒன்று இல்லாவிட்டாலும் இல்லை." நாற்றுக்கு வயது இருக்கிறது. குறுகியகால ரகத்தில் மூன்று வாரத்தைத் தாண்டிப் போகப் போக தூர் கட்டுவது குறையும். அதனால் பொறுத்திருப்பதற்கும் எல்லை உண்டு.

மற்ற விஷயங்களிலும் நாற்றங்கால் உண்டு, தேடினால் கிடைக்கும். வேலையை விட்டுவிட்டுப் போட்டித் தேர்வுக்குப் படிக்க நினைப்பவர், முதலில் இருக்கிற விடுப்பைப் போட்டு ஒரு தேர்வை எழுதிப் பார்க்கலாம். மதிப்பெண் கட்-ஆஃபுக்கு எவ்வளவு தூரத்தில் இருக்கிறது என்பது வேலையை விடாமலே தெரிந்துவிடும். ஒரு பகுதியில் வீடு வாங்க நினைப்பவர் அங்கே ஒரு மழைக்காலம் வாடகைக்கு இருக்கலாம். சிறு செலவில் பெரிய செய்தி கிடைக்குமா, அந்தச் செய்தி வந்தால் என் முடிவு மாறுமா? இரண்டுக்கும் ஆம் என்றால் அது நல்ல நாற்றங்கால். எந்தச் செய்தி வந்தாலும் நடத்தான் போகிறேன் என்பவருக்கு அது வெறும் செலவு. அவர் கேட்டுக் கேட்டு அலைவதும் வீண்.

ஆறாம் படி: தோற்றால் தாங்குமா?

சராசரிக் கணக்கு பத்து வருஷம் ஆடுபவருக்குத்தான் பலிக்கும். முதல் வருஷமே ஆட்டத்திலிருந்து வெளியேறிவிட்டால் மீதி ஒன்பதின் லாபம் யாருக்கோ.

ஐந்து ஏக்கர், அதில் இரண்டு குத்தகை என்று ஒருவரை எடுத்துக்கொள்வோம். ஐந்திலும் நட்டுக் கெட்டால் 90,000 போகும். அதன் பிறகு சம்பாவுக்கு உழவுக் கூலி கையில் இருக்குமா? குத்தகை நெல் அளக்க முடியுமா? நகை ஏற்கெனவே அடகில் இருக்கிறதா? இதில் ஒன்றுக்குக் கை தூக்கினாலும் ஐந்து ஏக்கர் வேண்டாம். எத்தனை ஏக்கர் என்பதை லாபப் பக்கத்திலிருந்து தீர்மானிக்காதீர்கள். "36,000 போனாலும் சம்பா போட்டுவிடுவேன், அதற்கு மேல் போனால் முடியாது" என்றால் உங்கள் குறுவை இரண்டு ஏக்கர். அவ்வளவுதான். வாய்ப்பு 40-இலிருந்து 70 ஆனாலும் அந்த இரண்டு ஒரேயடியாக ஐந்தாகக் கூடாது.

காப்பீடு இந்த இடத்துக்குத்தான். பிரதமரின் பயிர்க் காப்பீட்டுத் திட்டத்தில் விவசாயியின் பங்கு காரீப் பயிருக்குக் காப்பீட்டுத் தொகையில் 2 சதவீதம், ரபி உணவுப் பயிருக்கு 1.5 சதவீதம். சம்பா நெல்லுக்குப் பதிவு பொதுவாக நவம்பர் 15 வரை. ஊரில் எல்லோரும் கடைசி நாளில் இ-சேவை மையத்தில் நிற்பார்கள், சர்வர் படுத்துக்கொள்ளும். உங்கள் கிராமத்துக்கு எந்தப் பயிர் அறிவிக்கை ஆகியிருக்கிறது என்று முதலில் பாருங்கள். குறுவைக்கு அது இருக்கும் என்று தானாக எண்ணிக்கொள்ள வேண்டாம்.

ஏழாம் படி: நடுவழியில் தண்ணீர் நின்றால்

இது தனி முடிவு. முதல் முடிவின் தொடர்ச்சி என்று நினைத்தால் குழம்பிப்போவீர்கள். "இவ்வளவு போட்டாச்சு, இனிமே விட்டா என்ன ஆகும்" என்ற பேச்சுதான் இங்கே முதல் எதிரி.

இரண்டு நிலைமைகளைப் பார்ப்போம். நட்டு ஐம்பது நாள், பயிர் தொண்டைக்கதிரில் (கதிர் வெளிவருவதற்கு முந்தைய நிலை) நிற்கிறது, வாய்க்கால் வறண்டுவிட்டது. இதுவரை 26,000 போட்டாகிவிட்டது. பக்கத்துப் போரிலிருந்து தண்ணீர் இறைக்க 6,000 ஆகும். இறைத்தால் 70 சதவீதம் வாய்ப்பு, கொஞ்சம் குறைந்து 45,000 ரூபாய்க்கு விளையும். அறுப்புக்கும் ஏற்றுக்கூலிக்கும் 7,000. இனிமேல் வருவது 38,000-இல் 70 சதவீதம், அதாவது 26,600. இனிமேல் போவது 6,000. தாராளமாக இறைக்கலாம்.

இரண்டாவது நிலைமையில் நட்டுப் பதினைந்தே நாள். போட்டது 15,000. கடைசி வரை தண்ணீர் வாங்க 14,000 வேண்டும், பிழைக்கும் வாய்ப்பு 30 சதவீதம், பிழைத்தால் 55,000, அதற்கு இன்னும் 18,000 செலவு. வருவது 37,000-இல் 30 சதவீதம், 11,100. போவது 14,000. விட்டுவிட வேண்டியதுதான்.

இரண்டு கணக்கிலும் ஏற்கெனவே போட்ட 26,000-உம் 15,000-உம் எங்கேயும் வரவில்லை என்பதைக் கவனியுங்கள். அதிகம் போட்ட இடத்தில் தொடர்கிறோம், குறைவாகப் போட்ட இடத்தில் விடுகிறோம் என்பது தற்செயல்தான். பயிர் அறுவடைக்கு எவ்வளவு அருகில் இருக்கிறது என்பதே காரணம்.

அந்தப் பதினைந்து நாள் பயிரை விடுவதில் மரியாதைப் பிரச்சினையும் இருக்கிறது. மைத்துனர் "அன்னைக்கே சொன்னேனே மாமா" என்பார். 2,900 ரூபாய் நஷ்டத்தை அதற்காக வாங்கிக்கொள்கிறவர்களை நான் குறை சொல்லமாட்டேன், ஆனால் அதைச் சாகுபடிச் செலவில் எழுதாமல் மானச் செலவு என்று தனியாக எழுதினால் அடுத்த முறை யோசிப்பார்கள்.

எட்டாம் படி: நோட்டில் எழுதுங்கள், ஜனவரியில் திறந்து பாருங்கள்

ஒரு பக்கம் போதும். மாதிரிக்கு:

"ஜூன் 8. குறுவை இரண்டு ஏக்கருக்கு நாற்று. மூன்று ஏக்கர் தக்கைப்பூண்டு. அறுவடை வரை தண்ணீர் தாங்கும் வாய்ப்பு 40. காரணம்: பதினைந்தில் ஐந்து வருஷம், மேலே இருப்பு கொஞ்சம் கூடுதல். ஜூலை 5-க்குள் வாய்க்காலில் ஐந்து நாள் தண்ணீர், கபினி முக்கால். இரண்டும் இருந்தால் நடவு. கெட்டால் போவது 36,000, சம்பாப் பணம் தனியாக இருக்கிறது. எந்தச் செய்தி என்னை மாற்றும்: பிலிகுண்டுலுவில் ஜூன் பங்கு முழுசாக வந்தால் 55 ஆக்குவேன்."

எழுதாவிட்டால் என்ன ஆகும்? ஜனவரியில் பயிர் நன்றாக விளைந்திருந்தால் "எனக்கு அப்பவே தெரியும்" என்போம், கெட்டிருந்தால் "யாருக்குத் தெரியும்" என்போம். இரண்டும் மனசு பின்னாலிருந்து திருத்தி எழுதுவது. நோட்டில் 40 என்று மையில் இருந்தால் அந்தத் திருத்தம் நடக்காது.

ஜனவரி 28, அணை மூடும் நாளில் நோட்டைத் திறங்கள். லாபமா நஷ்டமா என்பதை முதலில் பார்க்க வேண்டாம். பார்க்க வேண்டியவை இவை: குறைந்தது நான்கு வழிகளை எழுதினேனா, பழைய வருஷங்களை எண்ணினேனா, எழுதி வைத்த நிபந்தனைப்படி நடந்தேனா, தாங்கக்கூடிய அளவுக்கு மேல் போனேனா? 2023-இல் இதையெல்லாம் சரியாகச் செய்துவிட்டும் நஷ்டப்பட்டவர் உண்டு. அவர் அடுத்த வருஷமும் அதையே செய்ய வேண்டும். 2022-இல் எதையும் பார்க்காமல் பத்து ஏக்கரில் நட்டு லாபம் எடுத்தவரும் உண்டு. அவர் அந்த வருஷத்தை வைத்து எதையும் கற்றுக்கொள்ளாமல் இருந்தால் நல்லது.

சதவீதங்களைச் சரிபார்க்க ஒரு வருஷம் போதாது, குறுவை வருஷத்துக்கு ஒருமுறைதானே வரும். அதனால் சின்னச் சின்ன விஷயங்களுக்கும் எண் போட்டுப் பழகுங்கள். நாளை மழை வருமா, உளுந்து விலை அறுவடைக்குள் ஏறுமா, நடவு ஆட்கள் சொன்ன நாளில் வருவார்களா. நோட்டில் ஐம்பது அறுபது வரிகள் சேர்ந்ததும் "70" என்று போட்ட வரிகளை மட்டும் பொறுக்கி எடுங்கள். பத்தில் ஏழு நடந்திருந்தால் உங்கள் 70 நம்பத் தகுந்தது. பத்தில் ஐந்துதான் நடந்தது என்றால், அடுத்த ஜூனில் உங்கள் வாயில் 70 என்று வரும்போது அதை 50 என்று எடுத்துக்கொண்டு கணக்குப் போடுங்கள். நடவு ஆட்கள் விஷயத்தில் இன்னும் கொஞ்சம் குறைத்தே போடலாம்.